டெலவேரில் பதிந்த நிறுவனம், டெக்சஸில் கிடங்கு: எங்கே பதிய வேண்டும்?

கேள்வி: நானும் நண்பரும் 2023 ஜனவரியில் டெலவேரில் ஒரு எல்எல்சி (உரிமையாளர்களின் பொறுப்புக்கு வரம்புள்ள நிறுவனம்) தொடங்கினோம். கோயம்புத்தூரிலிருந்து வெட் கிரைண்டரும் எவர்சில்வர் பாத்திரங்களும் தருவித்து இந்திய மளிகைக் கடைகளுக்கு மொத்தமாக விற்கிறோம். 2023 பிப்ரவரியிலிருந்து டெக்சஸ் இர்விங்கில் வாடகைக் கிடங்கு வைத்திருக்கிறோம். ஹியூஸ்டன் கடைக்காரர் ஒருவர் 14,600 டாலர் பாக்கி. நோட்டீஸ் அனுப்பினால், "உங்கள் நிறுவனம் டெக்சஸில் பதிவே ஆகவில்லை, வழக்குப் போட உங்களுக்கு உரிமை இல்லை" என்று அவருடைய வக்கீல் பதில் எழுதுகிறார். உண்மையா? பதிய எவ்வளவு ஆகும்? டெலவேரை மூடிவிட்டு இங்கேயே புதிதாகத் தொடங்கிவிடலாமா? நியூ ஜெர்சி கடைகளுக்கும் சரக்கு அனுப்புகிறோம். கூட்டாளி ஜனவரியில் கலிபோர்னியா ஃப்ரிமாண்டுக்குக் குடிபோகிறார். கணக்கும் ஆர்டரும் அங்கிருந்தே பார்ப்பார். அங்கெல்லாம் தனித்தனியாகப் பதிய வேண்டுமா?
(டெக்சஸ் வாசகர், அக்டோபர் 2025)

பதில்: அந்த வக்கீல் சொல்வதில் பாதி உண்மை, மீதி மிரட்டல். டெக்சஸுக்குள் நடந்த வியாபாரத்துக்காக, பதிவு ஆகும்வரை, டெக்சஸ் நீதிமன்றத்தில் உங்கள் நிறுவனம் வழக்கு நடத்த முடியாது. டெக்சஸ் வணிக அமைப்புகள் சட்டத்தின் 9.051-ஆம் பிரிவு அப்படித்தான் சொல்கிறது. ஆனால் அதே பிரிவு இன்னும் மூன்று விஷயங்களையும் சொல்கிறது. அவற்றை அவர் எழுதவில்லை. பதியாததால் ஒப்பந்தம் செல்லாமல் போகாது. உங்கள்மேல் யாராவது வழக்குப் போட்டால் எதிர்வாதம் செய்யலாம். பதியவில்லை என்ற ஒரே காரணத்தால் நிறுவனத்தின் கடன் உங்கள் தலையிலோ கூட்டாளி தலையிலோ விழாது. ஆகவே அந்த 14,600 டாலர் பாக்கியாகவே நிற்கிறது. பதிந்ததும் தடை நீங்கும். டெக்சஸில் கடன் பாக்கிக்கு வழக்குத் தொடுக்க நான்கு ஆண்டு அவகாசம் உண்டு; அது ஓடிக்கொண்டிருக்கிறது என்பதை மட்டும் மறக்க வேண்டாம்.

முதலில் அடிப்படையைத் தெளிவாக்கிக்கொள்வோம், ஏனென்றால் உங்கள் மற்றக் கேள்விகளுக்கும் விடை அதிலிருந்துதான் வருகிறது. அமெரிக்காவில் நிறுவனத்தைப் பிறப்பிப்பது மாநிலச் சட்டம். அந்த மாநில எல்லையைத் தாண்டிச் செயல்பட நிறுவனத்துக்குத் தானாக உரிமை கிடையாது, அடுத்த மாநிலம் நிபந்தனை போடலாம் என்பது 1839-இல் பேங்க் ஆஃப் அகஸ்டா வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொன்னதிலிருந்து நிலைத்துவிட்ட விதி. இதற்கு ஒரு வரம்பும் உண்டு. மாநிலங்களுக்கு இடையிலான வர்த்தகத்தை ஒழுங்குபடுத்துவது அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரசின் அதிகாரம். வெறும் மாநிலத்திடை விற்பனைக்கு எந்த மாநிலமும் பதிவுக் கட்டாயம் போட முடியாது. எனவே ஒவ்வொரு மாநிலத்திலும் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: அந்த மாநிலத்துக்கு உள்ளேயே உங்கள் வேலை நடக்கிறதா, அல்லது வெளியிலிருந்து சரக்கு மட்டும் வந்து இறங்குகிறதா?

டெக்சஸ் சட்டம் எது வியாபாரம் என்று நேராகச் சொல்லவில்லை. எது வியாபாரம் ஆகாது என்று 9.251-ஆம் பிரிவில் பட்டியல் கொடுக்கிறது: வங்கிக் கணக்கு வைப்பது, உறுப்பினர் கூட்டம் நடத்துவது, மாநிலத்திடை வர்த்தகம், 30 நாளுக்குள் முடிந்துபோகும் ஒற்றைப் பரிவர்த்தனை போன்றவை. இர்விங்கில் கிடங்கு, அதில் சரக்கு, அங்கிருந்து ஹியூஸ்டனுக்கு லாரி என்னும் உங்கள் நிலை இந்தப் பட்டியலின் எந்த வரியிலும் அடங்காது. கிடங்கு வாடகைக்கு எடுத்து விற்கத் தொடங்கிய 2023 பிப்ரவரியிலேயே பதிந்திருக்க வேண்டும்.

செலவு எவ்வளவு

வெளிமாநில எல்எல்சியைப் பதிய டெக்சஸ் கட்டணம் 750 டாலர். 90 நாளுக்கு மேல் பதியாமல் வியாபாரம் நடத்தியிருந்தால், நடத்திய ஒவ்வொரு ஆண்டுக்கும், ஆண்டின் பகுதிக்கும், இன்னொரு 750 டாலர் தாமதக் கட்டணம். உங்களுக்கு 2023, 2024, 2025 என மூன்று. ஆக 750-உம் 2,250-உம் சேர்ந்து 3,000 டாலர். அடுத்த ஆண்டுக்குத் தள்ளினால் இன்னொரு 750 சேரும். 14,600 டாலரை மீட்க இந்தச் செலவு தாங்கும். கட்டாமல் விட்டாலோ, பதிந்திருந்தால் வந்திருக்கவேண்டிய கட்டணம், வரி, அபராதம், வட்டி எல்லாவற்றுக்கும் சமமான தொகையை மாநில அரசின் தலைமை வக்கீலான அட்டர்னி ஜெனரல் வழக்குப் போட்டு வசூலிக்கலாம்.

இந்தக் கணக்கைப் பார்த்ததும் பலருக்கும் ஒரே யோசனைதான் வரும்: படிவத்தில் வியாபாரம் தொடங்கிய தேதியை 2025 செப்டம்பர் என்று போட்டால் என்ன? தயவுசெய்து செய்யாதீர்கள். தெரிந்தே பொய்யான ஆவணத்தைப் பதிவுக்குக் கொடுப்பது டெக்சஸில் குற்றம், அபராதத்தோடு முடியாது. தவிர, உங்கள் கிடங்கு ஒப்பந்தத் தேதி, விற்பனை வரி பெர்மிட்டின் தொடக்கத் தேதி, ஹியூஸ்டன் கடைக்கு எழுதிய இன்வாய்ஸ் எல்லாம் 2023-ஐக் காட்டும். அந்த இன்வாய்ஸை நீங்களே கோர்ட்டில் சாட்சியமாக வைக்கப்போகிறீர்கள்; எதிர்த்தரப்பு வக்கீல் கையில் பதிவுப் படிவத்தின் நகலும் இருக்கும்.

படிவம் 304

வெளிமாநில எல்எல்சிக்கு, நிறுவனங்களைப் பதியும் டெக்சஸ் செக்ரட்டரி ஆஃப் ஸ்டேட் அலுவலகத்தின் படிவம் 304. லாப நோக்குக் கார்ப்பரேஷனாக இருந்தால் 301. அந்த அலுவலகத்தின் இணையதளத்திலேயே தாக்கல் செய்யலாம். படிவம் சிறியதுதான், தவறு நடக்கும் இடங்கள் சில உண்டு.

முதலாவது டெலவேர். நிறுவனம் பிறந்த மாநிலத்தில் இன்றும் செல்லுபடியாக இருக்கிறது என்று படிவத்தில் உறுதி கொடுக்கிறீர்கள். டெலவேர் எல்எல்சிக்கு ஆண்டு வரி 300 டாலர், ஜூன் 1-க்குள் கட்ட வேண்டும். தவறினால் 200 டாலர் அபராதமும் மாதம் ஒன்றரை சதவீத வட்டியும். மூன்று ஆண்டு கட்டாமல் விட்டால் நிறுவனமே ரத்தாகும். டெலவேரில் ஆண்டறிக்கை கிடையாது என்பதால், "ஒன்றும் செய்யவேண்டியதில்லை" என்று நினைத்து இந்த வரியை விட்டவர்கள் நிறையப் பேர். உங்களுக்கு 2024, 2025 ஜூன் தவணைகள் கட்டியாயிற்றா என்று முதலில் பாருங்கள். கட்டியபின் டெலவேர் குட் ஸ்டாண்டிங் சான்றிதழ், அதாவது நிறுவனம் ஒழுங்காக நடப்பில் இருக்கிறது என்று மாநிலம் தரும் சான்று, ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். அது பின்னால் கலிபோர்னியாவுக்குத் தேவைப்படும்.

இரண்டாவது பெயர். உங்கள் பெயரிலிருந்து பிரித்தறிய முடியாத பெயரில் ஏற்கெனவே டெக்சஸில் ஒரு நிறுவனம் இருந்தால், அதே பெயரில் பதிய முடியாது. அதற்காக டெலவேரில் பெயர் மாற்றவேண்டியதில்லை. டெக்சஸுக்கென்று ஒரு மாற்றுப் பெயரைத் தேர்ந்து படிவத்தில் எழுதி, கூடவே படிவம் 503-ஐ 25 டாலர் கட்டித் தாக்கல் செய்தால் போதும். அதன்பின் டெக்சஸ் இன்வாய்ஸ், ஒப்பந்தம் எல்லாம் அந்தப் பெயரில் போக வேண்டும். வங்கியிலும் தெரிவித்துவிடுங்கள், இல்லையென்றால் செக் திரும்பும்.

மூன்றாவது ரெஜிஸ்டர்டு ஏஜென்ட், அதாவது நிறுவனத்தின் சார்பில் கோர்ட் சம்மன் வாங்கிக்கொள்பவர். அவர் டெக்சஸில் வசிப்பவராக அல்லது டெக்சஸில் பதிந்த நிறுவனமாக இருக்க வேண்டும், சம்மதமும் தந்திருக்க வேண்டும். நிறுவனம் தனக்குத் தானே ஏஜென்டாக முடியாது. நீங்கள் தனிநபராக இருக்கலாம். முகவரி நேரில் வந்து சம்மன் தரக்கூடிய தெரு முகவரி. தபால் பெட்டி எண் செல்லாது. பணம் மிச்சம் என்று நண்பர் வீட்டு முகவரியைக் கொடுத்துவிட்டு, அவர் வீடு மாறியபின் மறந்துபோவதுதான் இதில் நடக்கும் பெரிய ஆபத்து. ஏஜென்ட் கிடைக்காவிட்டால் சம்மன் செக்ரட்டரி ஆஃப் ஸ்டேட் வழியாகச் செலுத்தப்பட்டதாகக் கொள்ளப்படும். வழக்கு இருப்பதே தெரியாமல் உங்களுக்கு எதிராக ஒருதலைத் தீர்ப்பு வந்துவிடும். பகல் நேரத்தில் கிடங்கில் எப்போதும் ஆள் இருந்தால் நீங்களே ஏஜென்டாக இருங்கள். இல்லையென்றால் ஆண்டுக் கட்டணம் கட்டி ஒரு ஏஜென்ட் நிறுவனத்தை வையுங்கள். குடிபோகும் கூட்டாளியின் பெயரை மட்டும் அந்த இடத்தில் எழுதாதீர்கள்.

நிறுவனத்தை நடத்துபவர்கள் என்ற கட்டத்தில் எழுதும் பெயர்களும் முகவரிகளும் யார் வேண்டுமானாலும் பார்க்கக்கூடிய பொது ஆவணம். வீட்டு முகவரி வெளியே தெரிய வேண்டாம் என்றால் கிடங்கு முகவரியைக் கொடுக்கலாம்.

பதிந்த பிறகு வரி அலுவலகம்

செக்ரட்டரி ஆஃப் ஸ்டேட்டில் பதிவது ஒன்று, மாநில வரிகளைக் கவனிக்கும் காம்ப்ட்ரோலர் அலுவலக வேலை வேறு. ஒன்றை முடித்தால் மற்றது தானாக முடியாது. ஃபிரான்சைஸ் வரிக்கு, அதாவது மாநிலத்தில் தொழில் நடத்துவதற்காக நிறுவனங்கள் கட்டும் வரிக்கு, 2023-இல் தொடங்கிய நிறுவனத்தின் முதல் அறிக்கை 2024 மே 15-இல் விழுந்தது. 2024, 2025 அறிக்கை ஆண்டுகளில் மொத்த வருமானம் 24.7 லட்சம் டாலருக்குள் இருந்தால் வரி இல்லை, வரியில்லை என்று சொல்லும் அறிக்கையும் தேவையில்லை. ஆனால் பொதுத் தகவல் அறிக்கை என்ற படிவம் 05-102 கட்டாயம். "வரி இல்லை" என்று கேள்விப்பட்டதும் இதையும் சேர்த்து விட்டுவிடுகிறார்கள். அதன் விளைவு கடுமையானது: டெக்சஸில் வியாபாரம் செய்யும் உரிமை பறிக்கப்படும், கோர்ட்டில் வழக்கு நடத்தும் உரிமையும் சேர்ந்து போகும், அந்த இடைக்காலத்தில் ஏற்படும் கடன்களுக்கு நிறுவனத்தை நடத்துபவர்கள் சொந்தப் பொறுப்பாளி ஆகலாம். 3,000 டாலர் கட்டிப் பதிந்துவிட்டு இந்த ஒரு பக்கப் படிவத்தால் மறுபடியும் பழைய இடத்துக்கே வரக்கூடாது. விட்டுப்போன இரண்டு ஆண்டு அறிக்கைகளையும் பதிவோடு சேர்த்தே தாக்கல் செய்யுங்கள். தாமதத்துக்கு அபராதம் வந்தால் கட்டிவிடுங்கள்.

விற்பனை வரி பெர்மிட் இலவசம். மொத்த விற்பனைக்கு வரி வசூலிக்க வேண்டாம்தான், ஆனால் ஒவ்வொரு கடைக்காரரிடமிருந்தும் படிவம் 01-339, அதாவது மறுவிற்பனைக்காக வாங்குகிறேன் என்னும் ரீசேல் சான்றிதழ், கையொப்பத்தோடு கோப்பில் இருக்க வேண்டும். தணிக்கையில் அது இல்லையென்றால், இர்விங்கில் 8.25 சதவீத வரி உங்கள் கையிலிருந்து போகும். கிடங்குச் சரக்குக்கு உள்ளூர்ச் சொத்து வரிக் கணக்கும் உண்டு. 2026 முதல், மதிப்பு 1,25,000 டாலரைத் தாண்டினால், ஜனவரி 1-ஆம் தேதி இருப்பை ஏப்ரல் 15-க்குள் டல்லாஸ் கவுண்டி மதிப்பீட்டு அலுவலகத்துக்குத் தெரிவிக்க வேண்டும், தவறினால் வரியில் 10 சதவீதம் அபராதம்.

ஒரு நல்ல செய்தி: உரிமையாளர் விவரத்தை மத்திய நிதித்துறையிடம் தாக்கல் செய்யும் கட்டாயம் 2025 மார்ச்சில் அமெரிக்காவில் பிறந்த நிறுவனங்களுக்கு நீக்கப்பட்டுவிட்டது. டெலவேர் எல்எல்சிக்கு அது தேவையில்லை. கோயம்புத்தூர் பிரைவேட் லிமிடெட் நேரடியாக டெக்சஸில் பதிந்தால் அதற்கு உண்டு.

மூடிவிட்டுப் புதிதாகத் தொடங்கலாமா?

வேண்டாம். அதே பெயரில் டெக்சஸில் புது எல்எல்சி தொடங்குவது மிக எளிது, 300 டாலர்தான். ஆனால் பாக்கி, கிடங்கு ஒப்பந்தம், கோயம்புத்தூர் சப்ளையரின் ஆர்டர்கள் எல்லாம் பழைய நிறுவனத்தின் பெயரில் இருக்கின்றன. இறக்குமதியாளர் எண்ணும் சுங்கத்துறைக்குக் கொடுத்த உத்தரவாதப் பத்திரமான சுங்க பாண்டும் பழைய வரி அடையாள எண்ணோடு கட்டுண்டவை. புதிதாக எடுக்க வேண்டும், நடுவில் ஒரு கன்டெய்னர் துறைமுகத்தில் காத்துக்கிடந்தால் நாள் வாடகை ஏறும். பாக்கியைப் புது நிறுவனத்துக்கு எழுதிக்கொடுத்தாலும் பயனில்லை. வாங்கியவர் போடும் வழக்குக்கும் 9.051-இன் தடை பொருந்தும். இன்னொன்று, பெயரை நீங்களே பிடித்துவிட்டதால் பழைய நிறுவனம் அதே பெயரில் பதியவும் முடியாது.

சரியான மாற்று வழி, டெலவேர் எல்எல்சியை அப்படியே டெக்சஸ் எல்எல்சியாக மாற்றிக்கொள்வது. மாற்றச் சான்றிதழ், உருவாக்கச் சான்றிதழ் இரண்டுக்கும் டெக்சஸில் 300 வீதம் 600 டாலர், டெலவேரில் மாற்றக் கட்டணம் 200 டாலர். நிறுவனம் அதேதான் என்பதால் ஒப்பந்தம், வரி அடையாள எண், பாக்கி எல்லாம் தொடரும். இரண்டு பேர் நடத்தும் மொத்த வியாபாரத்துக்கு டெலவேரால் ஒரு பயனும் இல்லை. வெளி முதலீட்டாளர் வரும் நிறுவனங்களுக்குத்தான் அது அர்த்தமுள்ளது. டெக்சஸில் பதிந்தபின் இரண்டு மாநிலத்திலும் செலவும் வேலையும் இருக்கும். ஆகவே கடைசியில் மாறத்தான் வேண்டும்.

ஆனால் இப்போது வேண்டாம். 3,000 டாலரைத் தவிர்க்க நேராக மாற்றத்துக்குப் போனால், பதியாத காலத்தில் நடந்த விற்பனைக்கு எப்படி வழக்குப் போடலாம் என்று எதிர்த்தரப்பு வாதாடும், அட்டர்னி ஜெனரலின் உரிமையும் அப்படியே இருக்கும். முதலில் பதியுங்கள், வழக்கை முடியுங்கள், பிறகு மாறுங்கள்.

நியூ ஜெர்சி

இர்விங்கில் ஆர்டர் ஏற்று நியூ ஜெர்சியின் எடிசன் ஊரில் உள்ள கடைக்கு லாரியில் அனுப்புவது மாநிலத்திடை வர்த்தகம். அதற்கு நியூ ஜெர்சியில் பதியவேண்டியதில்லை. எல்லை எங்கே என்பதற்கு உச்ச நீதிமன்றத்தின் இரண்டு தீர்ப்புகள் வழிகாட்டும். 1961-இல் இண்டியானா நிறுவனமான எலை லில்லி, நியூ ஜெர்சியில் பதியாமல் அங்கே வழக்குப் போட்டது. அதன் மருந்து விற்பனை மாநிலத்திடை வர்த்தகம்தான். ஆனால் நியூ ஜெர்சியின் நியூவர்க் நகரில் அலுவலகம் வைத்து, சம்பளத்துக்கு ஆள் போட்டு, மருத்துவர்களையும் கடைகளையும் சந்திக்க வைத்திருந்தது. அது உள்மாநில வியாபாரம், பதியாமல் வழக்கு இல்லை என்றது நீதிமன்றம். 1974-இல் டென்னசியின் ஆலன்பெர்க் காட்டன் நிறுவனம் மிசிசிப்பி விவசாயியிடம் பருத்தி வாங்கிய வழக்கில் தீர்ப்பு வேறு: அந்தப் பருத்தி மாநிலத்திடைச் சந்தைக்குப் போவது, பதியவில்லை என்று மிசிசிப்பி கதவடைக்க முடியாது.

உங்களுக்கு இதன் பொருள் இது. அனுப்புவதோடு நின்றால் பிரச்சினை இல்லை. எடிசனில் உறவினர் வீட்டு பேஸ்மென்ட்டில் ஐம்பது கிரைண்டர் இறக்கிவைத்து, அங்கிருந்து கடைகளுக்குக் கொடுக்கத் தொடங்கினால் நிலை மாறிவிடும். பதிவுக் கட்டணம் 125 டாலர், ஆண்டறிக்கை 75 டாலர், வரிப் பதிவு தனி. சரக்கை இறக்கும் முன்பே பதிந்துவிடுங்கள்.

கலிபோர்னியா

இங்கேதான் உங்கள் கடிதத்தில் நீங்கள் சாதாரணமாகக் குறிப்பிட்ட விஷயம் பெரிய செலவாகிறது. சரக்கு இல்லை, கிடங்கு இல்லை, கடையும் இல்லை. ஆனாலும் உரிமையாளர்களில் ஒருவர் ஃப்ரிமாண்ட் வீட்டில் உட்கார்ந்து ஆர்டர் ஏற்று, விலை பேசி, கணக்கு நடத்தினால் நிறுவனம் கலிபோர்னியாவில் தொழில் நடத்துகிறது என்பதே அம்மாநில ஃபிரான்சைஸ் வரி வாரியத்தின் நிலை. லாபமோ நட்டமோ, ஆண்டுக்குக் குறைந்தது 800 டாலர். கலிபோர்னியாவைச் சார்ந்த வருமானம் 2,50,000 டாலரை எட்டினால் அதற்குமேல் 900 டாலரில் தொடங்கும் கட்டணமும் உண்டு. 2021 முதல் 2023 வரை பதிந்த எல்எல்சிகளுக்குக் கிடைத்த முதலாண்டு விலக்கு இப்போது இல்லை. பழைய கட்டுரைகளை நம்பி விட்டுவிட வேண்டாம்.

பதிவுக்குப் படிவம் எல்எல்சி-5, கட்டணம் 70 டாலர், ஆறு மாதத்துக்குள் வாங்கிய டெலவேர் குட் ஸ்டாண்டிங் சான்றிதழ் இணைக்க வேண்டும். 90 நாளுக்குள் தகவல் அறிக்கை 20 டாலர், பிறகு இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை. மறந்தால் 250 டாலர் அபராதம். படிவம் 568 என்ற வரிக் கணக்கு ஆண்டுதோறும் தனியாகப் போகும், அதற்கு ஆடிட்டர் செலவும் சேரும்.

உங்களை மட்டும் மேலாளர் என்று ஒப்பந்தத்தில் எழுதிவிட்டால் தப்பலாமே என்று சிலர் சொல்வார்கள். கூட்டாளி உண்மையிலேயே ஒதுங்கி, லாபப் பங்கு மட்டும் வாங்கினால் அந்த வாதத்துக்கு வலு இருக்கும். 2017-இல் ஸ்வார்ட் வழக்கில் கலிபோர்னியா மேல்முறையீட்டு நீதிமன்றம், வெறும் 0.2 சதவீதப் பங்கு வைத்து ஒதுங்கியிருந்த முதலீட்டாளரைத் தொழில் நடத்துபவராகக் கொள்ள முடியாது என்றது. உங்கள் கூட்டாளி பாதிப் பங்காளி, தினமும் ஆர்டர் பார்ப்பவர். காகிதத்தில் பட்டம் மாறினாலும் வேலை மாறவில்லை. ஆகவே 800 டாலரை ஆண்டுச் செலவில் எழுதிக்கொள்ளுங்கள், அல்லது அவர் குடிபோகும் முன்பே ஆர்டர், கணக்கு வேலைகளை இர்விங்குக்கு மாற்றுங்கள். இதை டிசம்பருக்குள் இருவரும் பேசி முடிவெடுங்கள். அவர் போன பிறகு பேசினால் யார் அந்தப் பணத்தைத் தருவது என்பதிலேயே மனஸ்தாபம் வரும்.

வழக்கு

14,600 டாலர் என்பதால் சிறு தொகை வழக்குகளை விசாரிக்கும் ஜஸ்டிஸ் கோர்ட்டே போதும். அங்கே வரம்பு வட்டியும் கோர்ட் செலவும் நீங்கலாக 20,000 டாலர். டெக்சஸில் மற்ற நீதிமன்றங்களில் நிறுவனத்துக்கு வக்கீல் வேண்டும். ஜஸ்டிஸ் கோர்ட்டில் உரிமையாளரே நிறுவனத்துக்காக ஆஜராகலாம். பொதுவாகக் கடைக்காரர் இருக்கும் ஹாரிஸ் கவுண்டி பிரிவில் தாக்கல் செய்ய வேண்டும். மனுவில் நிறுவனப் பெயரைப் பதிவில் உள்ளபடியே எழுதி, பதிவுச் சான்றின் நகல், இன்வாய்ஸ், டெலிவரி கையொப்பம், பாக்கியை அவர் ஒப்புக்கொண்ட வாட்ஸப் செய்திகளின் அச்சுப்படி எல்லாவற்றையும் சேர்த்து வையுங்கள்.

தாக்கலுக்கு முன் ஒரு வேலை. பதிவுச் சான்று வந்தவுடன் அதன் நகலோடு அந்த வக்கீலுக்கு மறுபடி ஒரு கடிதம் அனுப்பி, பணம் கட்ட 15 நாள் அவகாசம் கொடுங்கள். பதிவைத் தவிர வேறு எதிர்வாதம் அவர்களிடம் இல்லையென்றால், பெரும்பாலும் அங்கேயே பேச்சுவார்த்தைக்கு வருவார்கள். முழுத் தொகைக்குத் தவணை கேட்டால் ஒப்புக்கொள்ளலாம், ஆனால் எழுத்தில், கடைக்காரரின் சொந்தக் கையொப்பத்தோடு.

பதிந்த சில வாரங்களில், அரசு முத்திரை போல ஒரு சின்னத்தோடு, சான்றிதழுக்கு நூறு டாலருக்கு மேல் கேட்டுத் தபால்கள் வரும். பொதுப் பதிவேட்டிலிருந்து முகவரி எடுத்து அனுப்பும் தனியார் கடிதங்கள் அவை. டெக்சஸ் செக்ரட்டரி ஆஃப் ஸ்டேட்டுக்கு எல்எல்சி ஆண்டுக் கட்டணம் எதுவும் கட்டவேண்டியதில்லை. மே 15 அறிக்கை காம்ப்ட்ரோலருக்குத்தான் போகும்.